கையடக்க மந்திரக் கருவி கதையோடு நிற்கட்டும்

பூட்டிய கதவின் முன்னே நாயகன் நிற்கிறார். பின்னால் பகைவர்கள் துரத்தி வருகிறார்கள். சட்டைப்பையிலிருந்து பேனா அளவுள்ள ஒரு கருவியை எடுத்து நீட்டுகிறார். ஓர் ஓசை கேட்கிறது, கதவு திறந்துகொள்கிறது. அதே கருவியை ஓர் இயந்திரத்தின் மேல் காட்டினால் அதன் கோளாறு என்னவென்றும் தெரிந்துவிடுகிறது.

பிபிசியின் 'டாக்டர் ஹூ' தொடரைப் பார்த்தவர்களுக்கு இந்தக் கருவி நன்கு அறிமுகமானது. 'சோனிக் ஸ்குரூடிரைவர்' என்பது அதன் பெயர். ஒலி அலையால் வேலை செய்யும் திருப்புளி என்று பொருள் கொள்ளலாம். 1968ஆம் ஆண்டில் அது முதன்முதலாகத் திரையில் வந்தபோது, பெயருக்கேற்பத் திருகாணியைக் கழற்றும் வேலையைத்தான் செய்தது. ஆண்டுகள் செல்லச் செல்ல அதன் ஆற்றலும் வளர்ந்தது. பூட்டைத் திறந்தது, நோயை அறிந்தது, கணினியை அடக்கியது.

கடைசியில் அதுவே தொல்லையாகிவிட்டது. எந்தச் சிக்கலையும் ஒரு நொடியில் தீர்க்கும் கருவி நாயகனின் கையில் இருந்தால் கதை எப்படி நகரும்? தயாரிப்பாளர்கள் 1982ஆம் ஆண்டில் கதையிலேயே அதை அழித்துவிட்டார்கள். 2005ஆம் ஆண்டில் தொடர் புதுப்பிக்கப்பட்டபோது கருவியும் திரும்பி வந்தது. ஆனால் மரத்தின் மேல் அது வேலை செய்யாது என்ற ஒரு வரம்பும் பின்னர் வந்து சேர்ந்தது. கற்பனைக் கருவிக்கும் எல்லை வேண்டும் என்பதைக் கதாசிரியர்கள் உணர்ந்திருக்கிறார்கள்.

அறிவது வேறு, மாற்றுவது வேறு

இப்படி ஒரு கருவியை உண்மையில் செய்ய முடியுமா? இந்தக் கேள்வியை இரண்டாகப் பிரித்துப் பார்ப்பது நல்லது.

முதலாவது, அறிவது. இதற்கு மிகக் குறைந்த ஆற்றலே போதும். ஓர் ஒளியையோ ஒலியையோ அனுப்பி, திரும்பி வருவதை அளந்தால் போதும். கருவுற்ற தாயின் வயிற்றில் குழந்தையைக் காட்டும் ஸ்கேன் கருவி அப்படித்தான் இயங்குகிறது. இன்று அதைக் கைத்தொலைபேசியோடு இணைக்கும் அளவுக்குச் சிறிதாக்கிவிட்டார்கள்.

1966ஆம் ஆண்டில் தொடங்கிய 'ஸ்டார் டிரெக்' தொடரில் வந்த 'டிரைகார்டர்' என்னும் கருவி நோயாளியின் அருகில் காட்டினாலே நோயைச் சொல்லிவிடும். அதைப்போல் ஒன்றை உருவாக்குவோருக்கு 10 மில்லியன் அமெரிக்க வெள்ளி மதிப்பிலான பரிசுப் போட்டி 2012ஆம் ஆண்டில் தொடங்கப்பட்டது. 2017ஆம் ஆண்டில் அமெரிக்கக் குழு ஒன்று முதலிடம் பெற்றது. ஆனால் அக்குழு உருவாக்கியது ஒற்றைக் கருவி அன்று. பல உணரிகளும் ஒரு கணினிப் பலகையும் சேர்ந்த தொகுப்பு.

இரண்டாவது, மாற்றுவது. இதற்கு ஆற்றல் மிகுதியாக வேண்டும். சிறுநீரகக் கல்லை வெளியிலிருந்தே அதிர்வலையால் உடைக்கும் சிகிச்சை 1980ஆம் ஆண்டில் ஜெர்மனியின் மியூனிக் நகரில் முதன்முறையாக ஒரு நோயாளிக்கு அளிக்கப்பட்டது. கண்ணால் பார்த்தால் மந்திரம்தான். ஆனால் அந்த இயந்திரத்தைச் சட்டைப்பையில் வைக்க முடியாது. பேனா அளவுள்ள மின்கலத்தில் அத்தனை ஆற்றல் இல்லை.

உண்மைக் கருவிக்கும் எல்லை உண்டு

விரலில் மாட்டி இரத்தத்திலுள்ள உயிர்வாயுவின் அளவைக் காட்டும் ஆக்சிமீட்டரை இப்போது அறியாதவர் இல்லை. சிங்கப்பூரில் 2021ஆம் ஆண்டில் வீடுதோறும் அது இலவசமாக வழங்கப்பட்டது. சிவப்பு ஒளியையும் அகச்சிவப்பு ஒளியையும் விரல் வழியே செலுத்தி, எவ்வளவு உட்கொள்ளப்படுகிறது என்று அது கணக்கிடுகிறது.

தோலின் கருமையும் ஒளியை உட்கொள்ளும் அல்லவா? அமெரிக்காவில் 2020ஆம் ஆண்டில் வெளியான ஓர் ஆய்வு இதைத்தான் சுட்டிக்காட்டியது. கருவி நல்ல எண்ணைக் காட்டியபோதும் உண்மையில் உயிர்வாயு குறைந்திருந்த நிலை, வெள்ளையரைவிடக் கறுப்பின நோயாளிகளிடம் ஏறக்குறைய மூன்று மடங்கு அதிகம் காணப்பட்டது. கருநிறத் தோலுடைய நம்மவர்களும் கவனிக்க வேண்டிய செய்தி இது. மூச்சுத் திணறினால், எண் நன்றாக இருக்கிறதே என்று வீட்டில் காத்திருக்கக்கூடாது.

பொய்க் கருவி பறித்த உயிர்கள்

உண்மைக் கருவியிலேயே இவ்வளவு கவனம் தேவையென்றால், பொய்க் கருவியைப் பற்றி என்ன சொல்வது? வெடிகுண்டைத் தொலைவிலிருந்தே கண்டுபிடிக்கும் என்று கூறி 'ஏடிஇ 651' என்ற கருவியைப் பிரிட்டனைச் சேர்ந்த ஜேம்ஸ் மெக்கார்மிக் ஈராக்குக்கு விற்றார். ஒரு கைப்பிடி, அதில் அங்குமிங்கும் அசையும் ஓர் ஆண்டெனா. மின்கலம் கிடையாது. அமெரிக்காவில் 20 வெள்ளிக்கும் குறைவாகக் கிடைத்த, கோல்ஃப் பந்து தேடும் விளையாட்டுப் பொருளே அதற்கு மூலம். சோதனைச் சாவடிகளில் வீரர்கள் அதை நம்பி வாகனங்களை உள்ளே விட்டார்கள். 2013ஆம் ஆண்டில் மெக்கார்மிக்குக்குப் பத்தாண்டுச் சிறை விதிக்கப்பட்டது.

இது எங்கோ தொலைவில் நடந்த கதை என்று நினைக்க வேண்டாம். 'ஜிடி 200' என்ற அதே வகைக் கருவியைத் தாய்லாந்து வாங்கியது. கிளந்தான் எல்லைக்கு அப்பால், சுங்கை கோலோக்கில் 2009ஆம் ஆண்டு அக்டோபரில் வெடித்த காரை அந்தக் கருவி முன்பே 'சோதித்து' விட்டிருந்தது. 2010ஆம் ஆண்டில் தாய்லாந்து அரசு முறையான சோதனை நடத்தியது. நான்கு பெட்டிகளில் ஒன்றில் வெடிமருந்தை மறைத்து வைத்துத் தேடச் சொன்னார்கள். 20 முறையில் 4 முறைதான் கருவி சரியாகக் காட்டியது. கண்ணை மூடிக்கொண்டு கைகாட்டியிருந்தாலே சராசரியாக 5 முறை சரியாக இருந்திருக்கும்!

பிறகு ஏன் வீரர்கள் அதை நம்பினார்கள்? ஆண்டெனா உண்மையிலேயே அசைந்தது. ஆனால் அசைத்தது அவர்களுடைய கையேதான். சந்தேகம் எழும்போது, தெரியாமலேயே மணிக்கட்டு சற்றுச் சாயும். அவர்கள் பொய் சொல்லவில்லை. தங்கள் சந்தேகத்தையே கருவியின் தீர்ப்பாகப் படித்தார்கள்.

கேட்க வேண்டிய மூன்று கேள்விகள்

கையில் பிடித்தாலே உடம்பிலுள்ள நோயெல்லாம் சொல்லிவிடும், உடனே குணமாக்கிவிடும் என்ற விளம்பரத்தோடு கருவிகள் வீட்டு வாசலுக்கே வருவதுண்டு. வாங்குமுன் மூன்று கேள்விகளைக் கேட்டுப் பாருங்கள். இந்தக் கருவி எதை அளக்கிறது? ஆற்றல் எங்கிருந்து வருகிறது? விடையை முன்கூட்டியே அறியாதவர்களின் கையில் கொடுத்து இதைச் சோதித்தார்களா?

மூன்றாவது கேள்விதான் மிக முக்கியமானது. நான்கு பெட்டிகளும் சிறிது வெடிமருந்தும் கொண்டு ஒரே நாளில் செய்திருக்கக்கூடிய சோதனை அது. கருவியை வாங்கும் முன்பே செய்திருந்தால், பல குடும்பங்கள் தங்கள் உறவுகளை இழந்திருக்க மாட்டா.