மதிலிலிருந்து தொடங்குக

அரியலூர் ஜில்லா கங்கைகொண்ட சோழபுரத்திற்கு வருவோர், சண்டேசருக்குச் சிவபெருமான் மாலை சூட்டும் சிற்பத்தைக் கண்டதும் மோட்டாரில் ஏறிவிடுகின்றனர். வழிகாட்டியுடன் மாளிகைமேடு வரை கால்நடையாகச் சென்றாலன்றி, இஃது சுமார் 250 ஆண்டுகள் சோழரின் ராஜதானியாயிருந்தது விளங்காது. அங்கே எஞ்சியவை அரண்மனையின் செங்கல் அடித்தளங்களே. கோயில் மதிலின் கற்களோ, 1836-இல் ஆங்கிலேயர் கொள்ளிடத்தில் கட்டிய கீழணைக்குப் போயின. அணையால் வயல்கள் செழித்தது மெய்யே. அதற்காகக் கோயிலையா பெயர்ப்பது?

பெரு தேசத்துக் கூஸ்கோவிலும் ஸ்பானியர் இன்கா கோட்டையின் கற்களைப் பெயர்த்தே தங்கள் மாளிகைகளை எழுப்பினர். அந்நகரைச் சுற்றிக் காட்டுவோர் இதனைப் பிரயாணிகளிடம் ஒளிப்பதில்லை. நமக்கு வழிகாட்டிய அன்பரோ விமானத்தின் உயரத்தை இருமுறை சொன்னார். மதிலைப் பற்றி நாமே கேட்க வேண்டியதாயிற்று. நடையை அம்மதிலிலிருந்தே தொடங்கட்டும்.