நகர வாழ்வும் நான்கு நிமிடப் படமும்

கூட்டத்தின் நடுவே தனியனாய் நிற்றல் நவீன வாழ்வு மனிதனுக்கு அளித்த நோய்களுள் ஒன்று. அறிஞர் இதனை அந்நியமாதல் என்பர். நூல்கள் பல பக்கங்களில் விரித்துரைக்கும் இப்பொருளை ஏறத்தாழ நான்கு நிமிடங்களில் உணர்த்தவல்ல குறும்படம் ஒன்றுண்டு. 1970ஆம் ஆண்டில் வெளிவந்த 'ட்ரிப்' என்பதே அது. அதனை ஆக்கியவர் பிரமோத் பதி.

இந்திய அரசு 1948இல் நிறுவிய பிலிம்ஸ் டிவிஷனிற் பணியாற்றிய பதி, பிராக் நகரிற் பொம்மைப்பட மேதை யிரி திரின்காவிடம் பயின்றவர். பொம்மையைச் சிறிது சிறிதாக நகர்த்தி ஒவ்வொரு சட்டமாகப் படம்பிடிக்கும் முறையை உயிருள்ள மனிதர்க்கும் பயன்படுத்தலாம். இதற்குப் பிக்சிலேசன் என்று பெயர். கனடாவில் நோர்மன் மக்லாரன் 1952இல் இம்முறையாற் புகழ்பெற்றார். பதி இதனைக்கொண்டு பம்பாய் நகரின் அன்றாட வாழ்வைச் சித்திரித்தார்.

சாதாரண சலனப்படத்தில் ஒரு வினாடிக்கு 24 சட்டங்கள் தொடர்ந்து பதிவாகின்றன. பிக்சிலேசனிலோ ஒரு சட்டத்துக்கும் அடுத்ததற்கும் இடையே கமரா நிறுத்தப்படும். அவ்விடைவேளையில் மனிதன் நடந்ததும் நினைத்ததும் பேசியதும் பதிவாவதில்லை; அவன் இடம்பெயர்ந்தமை மட்டுமே எஞ்சும். ஆதலால் திரையில் அவன் நடப்பவனாகவன்றி, யாரோ நகர்த்தும் பொருளாகத் தோன்றுகின்றான். படத்தின் உத்தியே அதன் கருத்துமாகின்றது.

நிலையாமையை நம் முன்னோரும் பாடினர். அவர் பாடியது யாக்கையின் நிலையாமை, செல்வத்தின் நிலையாமை. இப்படத்தில் நாம் காண்பதோ அறிமுகத்தின் நிலையாமை. ஒருவரையொருவர் கண்டறியுமுன் காட்சி மாறிவிடுகின்றது.

நீர்வேலி வாழைத்தோட்டத்திலிருந்து இப்பொருள் வெகுதொலைவு என்று எண்ணற்க. நம் பழைய மாணவர் கொழும்பிலும் இலண்டனிலும் ரொறன்ரோவிலும் வாழ்கின்றனர். ஆண்டுகள் பல கழித்து ஊர் வருவோரிடம், "எப்போது வந்தீர்கள்? எப்போது திரும்புகிறீர்கள்?" என்று மட்டும் வினவி அமைகின்றோம். இரண்டு சட்டங்களைக் கேட்டறிகின்றோம். இடைப்பட்ட வாழ்வைக் கேட்பதில்லை.

விழா நாளில் நாமனைவரும் வரிசையாய் நின்று புகைப்படம் எடுத்துக்கொள்வோம். அதுவும் ஒரு சட்டமே. அது முடிந்ததும் உடனே கலைந்துவிடாது, அருகில் நிற்பவரோடு சற்று அமர்ந்து பேசுவோமாக.