ஏழு மாதம்

சுவிட்சர்லாந்தின் லூட்சேர்ன் மாநிலத்தில் எம்மன் என்று ஓர் ஊர். 2000 மார்ச் மாதம் அங்கே ஒரு வாக்கெடுப்பு நடந்தது. அதற்கு முன்பே வீட்டுக்கு வீடு ஒரு சிறு கையேடு வந்து சேர்ந்திருந்தது. குடியுரிமை கேட்டு விண்ணப்பித்த வெளிநாட்டவர்கள் யார் யார், எங்கே பிறந்தவர்கள், என்ன வேலை பார்க்கிறார்கள் என்ற விவரமெல்லாம் அதில் இருந்தது. ஊர்க்காரர்கள் அதைப் படித்துவிட்டு, ஒவ்வொரு விண்ணப்பத்துக்கும் தனித்தனியாக 'சம்மதம்' அல்லது 'சம்மதமில்லை' என்று சீட்டில் குறிக்க வேண்டும். யார் என்ன குறித்தார் என்பது ரகசியம்.

எண்ணி முடித்தபோது தேறியவர்கள் எல்லோரும் இத்தாலியப் பின்னணி கொண்டவர்கள். முன்னாள் யூகோஸ்லாவியாவிலிருந்து வந்தவர்கள் கூட்டமாகத் தோற்றுப்போயிருந்தார்கள். மறுநாள் காலை அவர்களும் அதே பேருந்தில் அதே அண்டை வீட்டாரோடுதானே வேலைக்குப் போயிருப்பார்கள்? பக்கத்து இருக்கையில் இருப்பவர் என்ன குறித்தார், ஏன் குறித்தார் என்று கேட்கவும் முடியாது, அவர் சொல்லவும் வேண்டியதில்லை. படிக்கும்போதே எனக்கு நெஞ்சு அடைத்தது.

சுவிஸின் பல ஊர்களில் பல ஆண்டுகளாக நடந்துவந்த வழக்கம் இது. ஆய்வாளர்களை வெகுகாலமாகக் குழப்பிய ஒரு கேள்விக்கு இதற்குள்ளேயே விடை இருந்தது. குடியுரிமை கிடைத்ததால் ஒருவர் முன்னேறுகிறாரா, அல்லது முன்னேறக்கூடிய ஆளுக்குத்தான் குடியுரிமை கிடைக்கிறதா? செடி என்றால் ஒரே விதையை இரண்டு தொட்டியில் போட்டு, ஒன்றுக்கு மட்டும் உரம் வைத்துப் பார்க்கலாம். ஒரே மனிதரைக் கடவுச்சீட்டு கொடுத்து ஒரு முறையும் கொடுக்காமல் ஒரு முறையும் வாழவைக்க முடியாது.

யென்ஸ் ஹைன்முல்லர், டொமினிக் ஹங்கார்ட்னர் என்ற ஆய்வாளர்களும் அவர்களோடு வேலை செய்தவர்களும் மயிரிழையில் ஜெயித்தவர்களையும் மயிரிழையில் தோற்றவர்களையும் தேடி எடுத்தார்கள். ஒருவருக்கு 51 சதவீதம், இன்னொருவருக்கு 49 சதவீதம். அன்றைக்கு மழை பெய்து பத்துப் பேர் வீட்டிலேயே தங்கியிருந்தால் முடிவு மாறியிருக்கும். அதாவது, வாக்கெடுப்பு நாள்வரை இந்த இரு தரப்பும் ஏறத்தாழ ஒன்றுதான். அதன்பிறகு அவர்கள் வாழ்க்கையில் வரும் வித்தியாசத்தைக் குடியுரிமையின் கணக்கில் எழுதலாம். அடுத்த 15 ஆண்டுகளின் வருமானத்தைப் பார்த்தார்கள். ஜெயித்தவர்கள் சராசரியாக ஆண்டுக்குச் சுமார் 5,000 டாலர் கூடுதலாகச் சம்பாதித்திருந்தார்கள். சமூகத்தில் அதிகம் ஒதுக்கப்பட்டவர்களுக்குத்தான் அந்தக் காகிதம் அதிகம் கைகொடுத்திருந்தது.

2003 ஜூலையில் சுவிஸ் கூட்டாட்சி நீதிமன்றம் இந்த ரகசிய வாக்கெடுப்பு அரசியல் சாசனத்துக்கு விரோதமானது என்று தீர்ப்பளித்தது. நிராகரித்தால் காரணம் சொல்ல வேண்டும், சீட்டில் காரணம் எழுத இடமில்லை என்பது அதன் சாரம். பல ஊர்களில் முடிவெடுக்கும் பொறுப்பு தேர்ந்தெடுக்கப்பட்ட மன்றத்துக்குப் போனது. அப்படி மாறிய ஊர்களில் குடியுரிமை கிடைக்கும் விகிதம் ஏறக்குறைய 60 சதவீதம் உயர்ந்தது. விண்ணப்பித்தவர்கள் அதே மாதிரி மனிதர்கள்தான். மறுப்பவர், நாளை மேல்முறையீட்டில் நிற்கக்கூடிய ஒரு காரணத்தை எழுத வேண்டியிருந்தது. அவ்வளவுதான் மாற்றம்.

வாக்கெடுப்பாவது நாலு பேர் கண்ணில் பட்டது. காத்திருப்பு யார் கண்ணிலும் படுவதில்லை. தஞ்சம் கேட்டு வந்திறங்கியவருடைய கோப்பு முடிவாகாமல் மேசையில் கிடக்கும். இத்தனை மாதம் வேலைக்குப் போகக்கூடாது என்று ஒரு விதி இருக்கும். சும்மா இருப்பதில் என்ன நஷ்டம் என்று தோன்றலாம்.

ஜெர்மனியில் அந்த நஷ்டத்தை அளந்திருக்கிறார்கள். 1990-களின் கடைசியில், தஞ்சம் கேட்டு வந்தவர்கள் வேலை பார்க்க அங்கே முழுத் தடை இருந்தது. பிறகு தடைக்காலம் 12 மாதம் என்று சுருக்கப்பட்டது. அதனால் விசித்திரமான ஒரு கோடு விழுந்தது. முன்னாள் யூகோஸ்லாவியாவிலிருந்து 2000-ஆம் ஆண்டில் வந்தவர் 12 மாதம் காத்திருந்தால் போதும். 1999-இல் வந்தவர் சராசரியாக 19 மாதம் காத்திருக்க நேர்ந்தது. அதே போர், அதே மொழி, ஏறக்குறைய அதே படிப்பு. இடையில் ஏழு மாதம்.

ஐந்து வருடம் கழித்து இரு தரப்பையும் கணக்கெடுத்தால், 2000-இல் வந்தவர்களில் 49 சதவீதம் பேர் வேலையில் இருந்தார்கள். 1999-இல் வந்தவர்களில் 29 சதவீதம். இந்த இருபது புள்ளி இடைவெளி அடைபடப் பத்து வருடம்வரை ஆனது. ஏழு மாதம் முன்னால் போனவரை ஏழு மாதத்தில் எட்டிப்பிடித்துவிடலாம் என்றுதான் நானும் நினைத்திருந்தேன்.

சுவிஸில் செய்த இன்னோர் ஆய்வும் இதையே சொன்னது. தஞ்ச முடிவுக்காகக் கூடுதலாக ஒரு வருடம் காத்திருந்தால், பிற்பாடு வேலை கிடைக்கும் வாய்ப்பு 4 முதல் 5 சதவீதப் புள்ளி குறைகிறது. ஆண், பெண், இளையவர், மூத்தவர், எந்த நாட்டிலிருந்து வந்தவர் என்ற வேறுபாடில்லாமல் எல்லாரிடமும் அந்தச் சரிவு தெரிந்தது. அப்படியென்றால் தொழில் மறந்துபோவது மட்டும் காரணமாக இருக்க முடியாது. மனசு விட்டுப்போவதுதான் பெரிய காரணம் என்று ஆய்வாளர்கள் கருதுகிறார்கள். காலையில் எழுந்திருக்க ஒரு காரணம் வேண்டும். அது மாதக்கணக்கில் இல்லாமல் போனால், பிறகு கதவு திறந்தாலும் எழுந்து நடக்கத் தெம்பு இருப்பதில்லை.

இதைத் தமிழர்களுக்கு விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை. 1983-க்குப் பிறகு ஈழத்திலிருந்து சுவிஸ் போனவர்களின் குடும்பங்களில் இன்று சுமார் 50,000 பேர் இருக்கிறார்கள். பெர்னிலும் சூரிச்சிலும் பழையவர்கள் பேசினால், தஞ்ச விண்ணப்பத்தைக் குறிக்கும் 'கேஸ்' என்ற சொல் வராமல் இருக்காது. 'உங்கட கேஸ் என்னாச்சு?' என்பது நலம் விசாரிப்பாகவே ஆகிவிட்ட காலம் அது. முடிவுக் கடிதம் கொண்டுவரும் தபால்காரர் வரும் நேரம் தஞ்ச முகாமில் எல்லோருக்கும் மனப்பாடம். உணவகச் சமையலறையில் பாத்திரம் கழுவும் வேலை கிடைத்தவர் கொடுத்துவைத்தவர். ஊரில் ஆசிரியராக இருந்தவரும் அந்தத் தொட்டியருகில் நின்றார். கை ஓடிக்கொண்டிருந்ததால் புத்தி கலங்காமல் தப்பினேன் என்று சொல்லும் பெரியவர்கள் உண்டு. அந்தப் பேச்சை நான் வெறும் ஆறுதல் என்று எடுத்துக்கொண்டிருந்தேன். ஜெர்மனியின் கணக்கைப் பார்த்த பிறகு அப்படி நினைக்க முடியவில்லை.

தஞ்சம் கேட்டவரை அதிகபட்சம் 9 மாதத்துக்குள் வேலைக்குப் போக அனுமதிக்க வேண்டும் என்று ஐரோப்பிய ஒன்றியம் 2013-இல் விதித்தது. 2024-இல் போட்ட புதிய விதி அதை 6 மாதமாகக் குறைத்தது. பிரிட்டனில் 12 மாதம் கழித்துத்தான் வேலை அனுமதி கேட்டு விண்ணப்பிக்கவே முடியும், அதுவும் அரசு வைத்திருக்கும் பட்டியலில் உள்ள வேலைகளுக்கு மட்டும். லண்டனில் இன்று தஞ்சம் கேட்டு உட்கார்ந்திருக்கும் ஒரு தச்சரோ சமையற்காரரோ, தன் தொழில் அந்தப் பட்டியலில் இல்லையென்றால், 12 மாதம் முடிந்த பிறகும் தபால்காரரைத்தான் பார்த்துக்கொண்டிருக்க வேண்டும்.