தென்காசி மாவட்டத்தில் உள்ளாட்சித் தேர்தல்: மாவட்டப் பிரிவினையும் ஐந்தாண்டு வெற்றிடமும்

திருநெல்வேலி மாவட்டத்திலிருந்து பிரிக்கப்பட்ட தென்காசி, 2019 நவம்பர் 22 அன்று தனி மாவட்டமாகச் செயற்படத் தொடங்கியது. அடுத்த மாதமே, டிசம்பர் 27, 30 ஆகிய நாள்களில், தமிழகத்தின் 27 மாவட்டங்களில் ஊரக உள்ளாட்சித் தேர்தல் நடைபெற்றது. தென்காசியில் நடைபெறவில்லை. இம்மாவட்டத்துச் சிற்றூர்கள் 2021 அக்டோபர் வரை காத்திருக்க நேர்ந்தது. முந்தைய உள்ளாட்சிகளின் பதவிக்காலம் 2016 அக்டோபரிலேயே முடிந்துவிட்டமையால், இடைப்பட்ட காலம் அரசியலமைப்பு வகுத்த ஒரு முழுப் பதவிக்காலத்திற்கு நிகராகும். இவ்வெற்றிடம் தோன்றிய விதத்தையும், அதில் மாவட்ட எல்லைக்கு உரிய பங்கையும் இக்கட்டுரை விளக்க முற்படுகிறது.

முன்வரலாறு

இப்பகுதியின் உள்ளாட்சி வரலாறு ஒரே மரபினதன்று. தென்காசி, சங்கரன்கோவில் வட்டாரங்கள் சென்னை மாகாணத்தின் 1884, 1920ஆம் ஆண்டுகளின் உள்ளாட்சிச் சட்டங்களுக்கு உட்பட்டிருந்தன. செங்கோட்டையோ 1956 நவம்பர் 1 அன்று சென்னை மாநிலத்துடன் இணையும்வரை திருவிதாங்கூரின், பின்னர்த் திருவிதாங்கூர்-கொச்சியின் சட்டங்களைப் பின்பற்றியது. குற்றாலத்திற்கென 1954இல் தனியே ஒரு நகரியச் சட்டம் இயற்றப்பட்டது. சாரல் பருவத்தில் ஊராரைப் பன்மடங்கு விஞ்சும் வெளியூர்க் கூட்டத்தைத் தாங்க வேண்டிய சிற்றூர் அது. அவ்வூரில் வாக்குரிமை உடையோரும் அவ்வூரின் வசதிகளைத் துய்ப்போரும் வேறுவேறானவர்கள். இன்று குற்றாலம் பேரூராட்சியாக உள்ளது. எனினும் இம்முரண் தீர்ந்துவிட்டதாகக் கூற இயலாது.

தேர்தல் இடைவெளியும் புதியதன்று. தமிழகத்தில் 1970க்குப் பின் ஊராட்சித் தேர்தல் 1986இல்தான் நடைபெற்றது. அதற்கடுத்த தேர்தல் 1996இல். 1993இல் நடைமுறைக்கு வந்த 73ஆம் அரசியலமைப்புத் திருத்தம் இத்தகைய தள்ளிவைப்பைத் தடுக்கும் நோக்கினது. அதன் 243உ பிரிவு ஐந்தாண்டுப் பதவிக்காலத்தை வரையறுத்து, அக்காலம் முடியுமுன்பே அடுத்த தேர்தலை முடித்தல் வேண்டும் என்கிறது. தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டம், 1994இன்கீழ் 1996, 2001, 2006, 2011 ஆகிய நான்கு தேர்தல்களும் உரிய கால இடைவெளியில் நடந்தேறின.

வெற்றிடம்

2016 அக்டோபர் 17, 19 நாள்களில் நடைபெறவிருந்த தேர்தலைச் சென்னை உயர்நீதிமன்றம் அம்மாதம் 4ஆம் நாள் நிறுத்தியது. பழங்குடியினருக்கான இடஒதுக்கீட்டை முன்னிறுத்தித் திமுக தொடுத்த வழக்கில் வழங்கப்பட்ட ஆணை அது. அதன்பின் ஊராட்சிகள் தனி அலுவலர்களின் பொறுப்பில் வந்தன. இதன் இழப்பு ஆட்சிமுறை சார்ந்தது மட்டுமன்று. பதினான்காம் நிதிக்குழுவின் மானியம் முறையாக அமைந்த உள்ளாட்சிகளுக்கே உரியதாகையால், பிரதிநிதிகள் இல்லாமை நிதியிழப்பாகவும் விளைந்தது.

இதுவரை தென்காசியின் நிலை மாநிலம் முழுமைக்கும் பொது. வேறுபாடு 2019 டிசம்பர் 6 அன்று தொடங்குகிறது. புதிதாகப் பிரிக்கப்பட்ட மாவட்டங்களில் வார்டு மறுவரையறை முடியவில்லை எனச் சுட்டி, ஒன்பது மாவட்டங்களை விலக்கிப் பிறவற்றில் தேர்தல் நடத்த உச்சநீதிமன்றம் அன்று ஆணையிட்டது. தென்காசியும் திருநெல்வேலியும் அவ்வொன்பதில் அடங்கும். மறுவரையறைக்கு அளிக்கப்பட்ட கால அளவு நான்கு மாதம். 2020இல் பெருந்தொற்று குறுக்கிட்டது. 2021 ஜூனில் உச்சநீதிமன்றம் மீண்டும் காலவரம்பு விதித்த பின்னரே அக்டோபர் 6, 9 நாள்களில் வாக்குப்பதிவும் 12இல் எண்ணிக்கையும் நடைபெற்றன.

இங்கு வாக்குச்சீட்டின் நிறத்தைக் கருதுதல் பயனுடையது. ஊரக வாக்காளர் நான்கு சீட்டுகளைப் பெறுகிறார்: சிற்றூராட்சி வார்டு உறுப்பினருக்கு வெள்ளை (சில இடங்களில் நீலம்), தலைவருக்கு இளஞ்சிவப்பு, ஒன்றியக்குழு உறுப்பினருக்குப் பச்சை, மாவட்ட ஊராட்சி உறுப்பினருக்கு மஞ்சள். இவற்றுள் மாவட்ட எல்லையை நேரடியாகச் சார்ந்தது மஞ்சள் சீட்டு ஒன்றே. பழைய மாவட்ட ஊராட்சி இரண்டாகப் பிரிந்ததால் அதன் வார்டுகளைப் புதிதாக வரைதல் தவிர்க்க இயலாதது. தென்காசிக்கு 14 வார்டுகள் அமைந்தன. ஆனால் கீழப்பாவூர் அல்லது கடையம் ஒன்றியத்துச் சிற்றூர் ஒன்றின் தெருக்கள் எந்த வார்டில் அடங்கும் என்பதை மாவட்டத் தலைநகர் மாறுவது தீர்மானிப்பதில்லை. அவ்வாறிருந்தும் 10 ஒன்றியங்கள், 221 சிற்றூராட்சிகள் அனைத்திலும் தேர்தல் நின்றது. மூன்றடுக்குகளையும் ஒரே அமைப்பாகக் கொள்ளும் பார்வைக்குச் சட்ட நியாயம் உண்டு. எனினும் மேலடுக்கின் குறைக்காக அடித்தள அடுக்கின் பதவிக்காலம் கரைவதை 243உ பிரிவின் நோக்கத்தோடு பொருத்துவது கடினம். கிஷன்சிங் தோமர் வழக்கில் (2006) உச்சநீதிமன்றமே காலவரம்பின் கட்டாயத் தன்மையை வலியுறுத்தியிருந்தது.

தென்காசி நகராட்சி, குற்றாலம் பேரூராட்சி ஆகியவற்றின் தாமதத்தை இதனோடு குழப்பிக்கொள்ளலாகாது. அவை மாநிலத்தின் எல்லா நகர்ப்புற உள்ளாட்சிகளோடும் சேர்ந்து காத்திருந்து, 2022 பிப்ரவரி 19 அன்று தேர்தலைச் சந்தித்தன. குற்றாலத்தின் காத்திருப்பு சுற்றியுள்ள சிற்றூர்களின் காத்திருப்பைவிட நீண்டது. ஆனால் அதற்கு மாவட்டப் பிரிவினை காரணமன்று. களஆய்வு உரையாடல்களில் இவ்விரண்டும் ஒன்றாகவே பேசப்படுவதால் இவ்வேறுபாட்டைச் சுட்ட வேண்டியுள்ளது.

விளைவுகள்

பெண்களுக்கு 50 விழுக்காடு இடமளிக்கும் திருத்தம் 2016இல் நிறைவேறியது. 27 மாவட்டங்களில் 2019 தேர்தலிலேயே செயல்வடிவம் பெற்ற அது, தென்காசியின் ஊரகப் பகுதிக்கு 2021இல்தான் வந்து சேர்ந்தது.

மற்றொரு விளைவு நாள்காட்டி சார்ந்தது. 27 மாவட்டங்களின் ஊரக உள்ளாட்சிகள் 2025 சனவரி 5உடன் பதவிக்காலம் முடிந்து மீண்டும் தனி அலுவலர்களிடம் சென்றன. அப்போது தென்காசியின் ஊராட்சிகளில் தேர்ந்தெடுக்கப்பட்ட தலைவர்களே பொறுப்பில் இருந்தனர். அவர்களது ஐந்தாண்டு நிறைவுறுவது 2026 அக்டோபரில்.