கவிழ்ந்து கிடப்போரை உயிர்ப்பித்தல்

மார்பெலும்புக்கும் முதுகெலும்புக்கும் இடையே, ஒருவருடைய மூடிய கையளவினதாய் அமைந்திருப்பது இதயம். அஃது இரவும் பகலும் ஓயாது குருதியை உடலெங்கும் செலுத்திக்கொண்டிருக்கிறது. யாதேனும் ஒரு காரணத்தால் அதன் துடிப்பு நின்றுவிடுமாயின், ஏறத்தாழ 15 நொடிகளுக்குள் மனிதன் உணர்விழக்கிறான். நான்கைந்து நிமிடங்கள் குருதி பெறாவிடில் மூளை பழுதுறத் தொடங்கும். அதன் பின்னர் இதயம் மீண்டும் துடித்தாலும், அறிவு பழைய நிலைக்குத் திரும்பும் என்பது உறுதியன்று. ஆதலின், நின்றுபோன இதயத்தின் வேலையை உடனே பிறர் கைகள் ஏற்றுக்கொள்ள வேண்டியதாகிறது. மார்பை வெளியிலிருந்து அழுத்தினால், இரண்டு எலும்புகளுக்கும் நடுவிலுள்ள இதயம் அமுங்கி, அதிலுள்ள குருதி வெளியேறும். கையைத் தளர்த்தினால் மார்பு விரிந்து, குருதி மீண்டும் வந்து நிறையும்.

இம்முறையைக் கற்பிக்கும் படங்களிலெல்லாம் நோயாளி மல்லாந்து கிடப்பதையே காண்கிறோம். அவர் குப்புறக் கிடந்தால் என் செய்வது? திருப்பிக் கிடத்துவதே வழி என்று எவரும் விடை கூறுவர். பெரும்பாலும் அவ்விடை சரியே. ஆயினும், உடனே திருப்ப இயலாத நிலையில் கிடப்போரும் உளர். அவர்களுக்காக மருத்துவர் கண்ட வழி நன்கு விளங்க வேண்டுமாயின், நீரில் மூழ்கியவரைப் பிழைப்பிக்க முற்காலத்தார் பட்ட பாட்டை முதலில் அறிதல் வேண்டும்.

கால்வாய்கள் மிகுந்த ஆம்ஸ்டர்டாம் நகரில், நீரில் மூழ்கியோரைக் காப்பதற்கென்றே 1767ஆம் ஆண்டில் ஒரு சங்கம் தோன்றியது. அக்காலத்தார் மூழ்கியவரின் உடலுக்குச் சூடேற்றினர். பீப்பாயின்மேல் கிடத்தி உருட்டினர். புகையிலைப் புகையைக் குடலுக்குள் செலுத்தவும் செய்தனர். இன்று இதனைக் கேட்போர்க்கு நகைப்புத் தோன்றலாம். ஆனால், மூச்சு நின்றவரை இறந்தவர் என்று கைவிடாமல் ஏதேனும் செய்து பார்ப்போம் என்று துணிந்தவர்கள் அவர்களே. அத்துணிவு இல்லையேல் பின்வந்த முறைகள் எவையும் பிறந்திரா.

ஸ்காட்லாந்து நாட்டின் எடின்பரோ நகரில் உடலியல் பேராசிரியராக இருந்த எட்வர்டு ஷேபர் என்பவர், 1903ஆம் ஆண்டில் ஒரு புதிய முறையை வெளியிட்டார். மூச்சற்றவரைக் குப்புறக் கிடத்தி, முகத்தை ஒரு பக்கமாகத் திருப்பி வைக்க வேண்டும். உதவி செய்வோர் அருகில் முழந்தாளிட்டு, தம் இரு கைகளையும் அவருடைய கீழ் விலா எலும்புகளின்மீது பதித்து, உடலின் பாரம் முழுதும் கைகளில் இறங்குமாறு முன்னே சாய வேண்டும். அப்போது நுரையீரலிலுள்ள காற்று வெளியேறும். பின்னே சாய்ந்து பாரத்தை நீக்கினால் காற்று உட்புகும். இவ்வாறு நிமிடத்திற்கு 12 முதல் 15 முறை செய்தல் வேண்டும். இம்முறையில் இரு நன்மைகள் இருந்தன. குப்புறக் கிடப்பவரின் நாக்கு பின்னே சரிந்து தொண்டையை அடைப்பதில்லை. வாயிலுள்ள நீரும் தானே வழிந்துவிடும். கருவியொன்றும் வேண்டாமல் தனியொருவரே செய்யக்கூடியதாய் இருந்தமையால், இது பல நாடுகளில் விரைந்து பரவிற்று. 1932ஆம் ஆண்டில் டென்மார்க்கைச் சேர்ந்த ஹோல்கர் நீல்சன் என்பார், முதுகை அழுத்துவதோடு முழங்கைகளைத் தூக்குவதையும் சேர்த்து இதனைத் திருத்தினார்.

இம்முறைகள் எல்லாம் மூச்சை மட்டுமே கருதியவை; இதயத்தைக் கருதியவை அல்ல. இந்த வேறுபாட்டை மனத்தில் நன்கு பதித்துக்கொள்ள வேண்டும். மூச்சைப் பொறுத்தவரையிலுங்கூட அவற்றின் குறை பின்னர் வெளிப்பட்டது. அமெரிக்காவின் பால்டிமோர் நகரில் பீட்டர் சேபர் என்னும் மருத்துவர், 1950களின் பிற்பகுதியில் சில சோதனைகள் செய்தார். தாமே முன்வந்தவர்களுக்கு மயக்க மருந்தும், தசைகளைச் செயலறச் செய்யும் மருந்தும் கொடுத்து, அவர்களுடைய நுரையீரலுக்குள் எவ்வளவு காற்றுப் புகுகிறது என்று அளந்தார். முதுகை அழுத்தும் முறைகளால் உட்புகும் காற்று மிகச் சிறிதே என்பதும், மல்லாந்தவரின் தலையைப் பின்னே சாய்த்து வாயோடு வாய் வைத்து ஊதினால் போதிய காற்றுச் செல்லும் என்பதும் தெரியவந்தன.

அதே நகரில், ஜான்ஸ் ஹாப்கின்ஸ் பல்கலைக்கழகத்தில், வில்லியம் கூவென்ஹோவன் என்னும் மின்பொறியாளரும் அவருடைய துணைவர்களும் இதயத்திற்கு மின்னதிர்ச்சி கொடுக்கும் கருவியை ஆராய்ந்துகொண்டிருந்தனர். மயக்கமுற்ற நாயின் மார்பில் கருவியின் கனத்த தகடுகளை அழுத்தியபோது, மின்சாரம் பாயுமுன்னரே அதன் இரத்த அழுத்தம் சற்று உயர்ந்ததை அத்துணைவருள் ஒருவரான நிக்கர்பாக்கர் கண்டார். பிறர் கண்டும் காணாது விட்டிருக்கக்கூடிய சிறு நிகழ்ச்சி அது. அதிலிருந்து பிறந்ததே மார்பை அழுத்திக் குருதியை ஓடச் செய்யும் முறை. கூவென்ஹோவன், ஜூட், நிக்கர்பாக்கர் ஆகிய மூவரும் 1960ஆம் ஆண்டு ஜூலை மாதத்தில் இதனை வெளியிட்டனர். அவர்கள் குறித்த 20 நோயாளிகளுள் 14 பேர் பிழைத்தனர்.

அன்றுமுதல் மல்லாந்த நிலையே பொது விதியாயிற்று. தெருவிலோ வீட்டிலோ ஒருவர் குப்புற விழுந்து, உணர்வும் இயல்பான மூச்சும் இன்றிக் கிடப்பதைக் கண்டால், அவரை மல்லாத்துவதே முறை. அதற்குச் சில நொடிகளே ஆகும். 108 என்னும் எண்ணுக்குச் செய்தி சொல்லச் செய்து, மார்பின் நடுவே, 5 சென்டிமீட்டர் ஆழத்திற்குக் குறையாமல், நிமிடத்திற்கு 100 முதல் 120 முறை அழுத்த வேண்டும். இனிக் கூறப்போகும் முறை தெருவுக்கு உரியதன்று, மருத்துவமனைக்கு உரியது.

முதுகெலும்பிலும் மூளையின் பின்புறத்திலும் அறுவை செய்யும்போது நோயாளியைக் குப்புறக் கிடத்துவது வழக்கம். முதுகு திறந்திருக்கிறது, எலும்பில் திருகாணிகள் பாதி இறங்கியிருக்கின்றன, தலை ஒரு பற்றுக்கருவியில் பூட்டப்பட்டிருக்கிறது. அந்நிலையில் இதயம் நின்றுவிட்டால் யாது செய்வது? கருவிகளை அகற்றி, புண்ணை மூடி, பலர் கூடி அவரைத் திருப்புவதற்குள் மூளைக்குரிய அந்த நான்கைந்து நிமிடங்களுள் பெரும்பகுதி கழிந்துவிடும். மூச்சுக்கோ இங்கே இடரில்லை. அவருடைய மூச்சுக்குழாயில் முன்னரே ஒரு குழாய் பொருத்தப்பட்டு, அதன் வழியே பிராணவாயு சென்றுகொண்டிருக்கிறது. வேண்டுவது குருதியோட்டம் ஒன்றே. அதனை முதுகுப்புறத்திலிருந்து உண்டாக்கினால் என்ன என்று சில மருத்துவர் எண்ணினர். தைவான் நாட்டு மருத்துவர்கள், கவிழ்ந்த நிலையிலேயே அழுத்திப் பிழைப்பித்த இருவரைப் பற்றி 1992ஆம் ஆண்டில் எழுதினர்.

செய்யும் முறை வருமாறு: இரண்டு தோட்பட்டை எலும்புகளின் கீழ்முனைகளையும் இணைத்து ஒரு கோடு இருப்பதாகக் கொண்டால், அக்கோடும் முதுகெலும்பும் சந்திக்கும் இடத்திலும் அதற்குச் சற்றுக் கீழும் உள்ளங்கைகளைப் பதித்து அழுத்த வேண்டும். அங்கே அறுவைப் புண் இருந்தால், அதன் இருபுறமும் ஒவ்வொரு கையாக வைத்து அழுத்தலாம். ஆனால், மேலிருந்து அழுத்துவது மட்டும் போதாது. மல்லாந்தவர்க்கு முதுகெலும்பு கீழே உறுதியாய் நின்று தாங்குகிறது. கவிழ்ந்தவரின் மார்பு மெத்தையில் புதையுமாயின் இதயம் அமுங்காது. ஆகவே மற்றொருவர் தம் கையை முட்டியாக மடக்கி மார்பெலும்பின் கீழ் வைத்துத் தாங்குவார். அல்லது மணல்மூட்டை போன்ற உறுதியான பொருளை வைப்பர். அம்மியில் அரைபடும் பொருளுக்குக் கீழே கல் இருப்பதுபோல, இதயத்திற்குக் கீழே ஓர் உறுதி வேண்டும். மின்னதிர்ச்சி தேவைப்படின், தகடுகளை இரு அக்குள்களின் கீழும் ஒட்டலாம்.

இவ்வாறு அழுத்துவதால் குருதி உண்மையில் ஓடுகிறதா? நியூயார்க் நகர மருத்துவர் சிலர், வழக்கமான முறை பயன்படாமற்போன 6 நோயாளிகளிடம் இதனைச் சோதித்து, 2003ஆம் ஆண்டில் முடிவை வெளியிட்டனர். மல்லாந்த நிலையில் அழுத்தியபோது சராசரியாக 48 மில்லிமீட்டராக இருந்த மேல் இரத்த அழுத்தம், கவிழ்த்து அழுத்தியபோது 72 ஆயிற்று. ஆயினும் 6 பேரை வைத்து, இதுவே சிறந்த முறை என்று முடிவுகட்டுதல் அறிவுடைமை ஆகாது. முதுகின் வழியாகவும் குருதியை ஓட்டலாம் என்பதற்கு மட்டும் அது சான்று. 2010ஆம் ஆண்டில் அமெரிக்க இதயச் சங்கமும், மூச்சுக்குழாயில் குழாய் பொருத்தப்பட்ட நோயாளியைத் திருப்ப இயலாதபோது கவிழ்ந்த நிலையிலேயே அழுத்தலாம் என்று, உறுதியாக வற்புறுத்தாமல், இசைவாகக் கூறிற்று.

அறுவைக் கூடத்திற்குள் அடங்கியிருந்த இச்செய்தி, கோவிட் பெருந்தொற்றின்போது உலகெங்கும் பேசப்படலாயிற்று. கடுமையான நுரையீரல் நோயாளரை நாள்தோறும் 16 மணி நேரமேனும் குப்புறக் கிடத்தினால் இறப்புப் பாதியளவாகக் குறைகிறது என்பதைப் பிரெஞ்சு மருத்துவர்கள் 466 நோயாளிகளிடம் ஆராய்ந்து 2013ஆம் ஆண்டில் காட்டியிருந்தனர். கவிழ்ந்து கிடக்கும்போது நுரையீரலின் பின்பகுதி, மேலுள்ள சுமை நீங்கி விரிகிறது. 2020ஆம் ஆண்டில் தீவிரச் சிகிச்சைப் பிரிவுகள் பலவற்றில், வரிசையாகக் குப்புறக் கிடந்தவர்களைக் காண நேர்ந்தது. அவர்களுள் ஒருவருக்கு இதயம் நின்றால், குழாய்கள் கழன்றுவிடாதபடி திருப்புவதற்கு ஐந்தாறு பேர் வேண்டும். அவர்களோ தொற்றுத் தடுக்கும் உடைகளை அணிந்த பின்னரே உள்ளே வரக்கூடியவர்கள். ஆகவே, அருகில் நிற்கும் செவிலியர் காத்திராமல் முதுகின்மீது அழுத்தத் தொடங்க வேண்டும் என்னும் குறிப்பு அவ்வாண்டிலேயே மருத்துவமனைகளுக்குக் கிடைத்தது.

அழுத்தத் தொடங்கிய பின்னர், கண் அளவுகருவியின் திரைமேல் நிற்கும். தமனிக்குள் வைத்த நுண்குழாய் இரத்த அழுத்தத்தைக் காட்டும். வெளிமூச்சிலுள்ள கரியமிலவாயுவின் அளவும் அங்கே தெரியும். ஒவ்வோர் அழுத்தத்திற்கும் கோடு நன்றாக எழுந்தால், அப்படியே தொடர்வர். எழாவிடில், ஆட்கள் வந்து சேர்ந்ததும் திருப்புவர். அதற்கென ஒரு சக்கரக்கட்டிலை, முதுகு அறுவை முடியும்வரை கைக்கெட்டும் தொலைவிலேயே நிறுத்தி வைத்திருப்பர்.