வாவிக்கரையின் கழுதைமுள்ளி

குறுமண்வெளியில் பாதைக்கு, அதாவது வாவியைக் கடக்கும் மிதவைக்கு, காத்து நிற்கும்போது எல்லோருடைய கண்ணும் மண்டூர்ப் பக்கமே இருக்கும். ஆளும் மோட்டார் சைக்கிளுமாக அந்த மிதவை இக்கரை சேரும்வரை வேறெங்கும் பார்வை போகாது. அப்படி நின்ற ஒரு பங்குனிக் காலையில், இறங்குதுறை ஓரத்துப் பற்றைக்குள் ஒரு கருவண்டு போவதும் வருவதுமாக இருந்தது. கிட்டப் போனால், இடுப்பளவு உயரத்தில் பளபளக்கும் பச்சை இலைகள். இலை விளிம்பெல்லாம் நெளிந்து முள்ளாய் முடிகிறது. நடுவே நிமிர்ந்த கதிரில் வெளிர் ஊதாப் பூக்கள். கழுதைமுள்ளி என்றும் கழிமுள்ளி என்றும் தமிழில் பெயர்பெற்ற செடி அது.

கிழக்கே எழுவான்கரையையும் மேற்கே படுவான்கரையையும் பிரித்தபடி 50 கிலோமீற்றருக்கு மேல் நீண்டு கிடக்கிறது மட்டக்களப்பு வாவி. கடலோடு அது கலப்பது பாலமீன்மடுவிலும் கல்லாற்றிலும் உள்ள முகத்துவாரங்களில். மாரியில் வெள்ளம் வந்தால் நீர் நன்னீருக்குக் கிட்ட வந்துவிடும். மழை ஓய்ந்து கோடை முற்ற முற்ற உப்பு ஏறும். மணல்மேடு முகத்துவாரத்தை அடைப்பதும், வயல் மூழ்குகிறதென்று அதை வெட்டிவிடுவதும் இங்கே பழகிய காட்சி. ஒரே ஆண்டுக்குள் இத்தனை மாறும் நீரில் வேரூன்றி நிற்பது எந்தச் செடிக்கும் லேசான காரியமில்லை.

கழுதைமுள்ளி இதற்கு வைத்திருக்கும் வழி இலையில் இருக்கிறது. கண்டல் மரம் பெரும்பாலான உப்பை வேரிலேயே தடுத்துவிடுகிறது. கழுதைமுள்ளியோ, உள்ளே வந்துவிட்ட உப்பை இலையில் உள்ள நுண்ணிய சுரப்பிகளால் நீரோடு சேர்த்து வெளியே தள்ளுகிறது. வெயிலில் நீர் வற்றியதும் இலைமேல் வெண்மையாக உப்பு பூத்து நிற்கும். விரலால் தடவி நாக்கில் வைத்துப் பாருங்கள், கரிக்கும். ஒரு மழை வந்தால் எல்லாம் கழுவிப் போய்விடும். வெயிலில் நிற்கும் செடிக்கு முள் அதிகம். மர நிழலுக்குள் வளரும் கிளைகளில் முள்ளே இல்லாத இலைகளும் உண்டு.

பூவுக்கு ஏறத்தாழ ஒன்றரை அங்குல நீளம் இருக்கும். கழுதைமுள்ளியின் குடும்பத்துச் செடிகள் பலவற்றின் பூவில் மேலுதடு, கீழுதடு என இரண்டு இருக்கும். ஆடாதோடையின் பூவைப் பார்த்தவர்களுக்கு இது தெரியும். கழுதைமுள்ளியில் மேலுதடு கிடையாது. அகன்ற கீழுதடு மட்டும், நடுவில் மஞ்சள் சாயல் ஓடிய வெண்கோட்டுடன், வந்து இறங்க ஒரு திண்ணை போல நீண்டிருக்கிறது. அதன் மேலே நான்கு மகரந்தத் தாள்கள் கதவைச் சாத்தியதுபோல் நெருங்கி நிற்கின்றன. தடித்த, விறைத்த தாள்கள். சிறு பூச்சி தள்ளினால் அசையாது. கருவண்டு, அதாவது மரத்தைத் துளைத்துக் குடியிருக்கும் அந்தப் பெரிய தேனீ, தலையால் முட்டி அவற்றை விலக்கிக்கொண்டு தேனுக்கு இறங்குகிறது. அன்று நான் பார்த்த வண்டின் கறுத்த முதுகில் மா அப்பியதுபோல் மகரந்தம் ஒட்டியிருந்தது. அதோடு அடுத்த பூவுக்குப் போயிற்று. தேன்சிட்டும் இந்தப் பூவைத் தேடி வரும்.

காயின் சங்கதியும் கேட்கத் தக்கது. பச்சையாய், வழுவழுப்பாய், பெருவிரல் நுனியளவு இருக்கும். உள்ளே பெரும்பாலும் நான்கு விதைகள். நன்றாகக் காய்ந்ததும் பட்டென்று வெடித்து விதைகளை இரண்டு மீற்றர் தூரம் வரைகூட வீசும். தண்ணீரில் போட்டுச் சிறுவர்கள் வெடிக்கவைக்கும் பட்டாசுக்காயும் இதே குடும்பம்தான். வயல் வாய்க்காலில் வளரும் நீர்முள்ளியும் உறவுதான். ஆனாலும் அது நன்னீர்ச் செடி, மருந்துக்குப் பறிப்பவர்கள் இரண்டையும் குழப்பிக்கொள்ளக் கூடாது. சங்கப் பாடல்களில் வரும் நெய்தல் நிலத்து முண்டகம் இந்தச் செடியே என்பர். குறுந்தொகையில் அம்மூவனார் அதற்கு அணிலின் பல்லை உவமை சொல்லியிருக்கிறார். இலை முள்ளை ஒருமுறை கிட்டப் பார்த்தவருக்கு அந்த உவமை மறக்காது.

இவ்வளவு இருந்தும் கண்டற்காடு என்றாலே நமக்கு மரம்தான் நினைவுக்கு வருகிறது. 2015இல் நாட்டின் கண்டற்காடுகள் அனைத்தையும் பாதுகாப்பதாக இலங்கை அறிவித்தது, நல்ல செய்தி. ஆனால் நடுகை என்று வரும்போது கண்டல் நாற்றை வரிசையாகக் குத்திவிட்டு வருவதே வழக்கமாயிருக்கிறது. இலங்கையில் நடந்த இத்தகைய நடுகைகளைப் பற்றி 2017இல் ஓர் ஆய்வு வெளியானது. 1,000 முதல் 1,200 ஹெக்டேயர் வரை முயன்றதில் தேறியது 200 முதல் 220 ஹெக்டேயர்தான். பொருந்தாத இடத்தில் பொருந்தாத இனத்தை நட்டதும், நட்டபின் பராமரிக்காததும் முக்கிய காரணங்கள். மரம் வெட்டுண்ட இடத்தில் யாரும் நடாமலே முதலில் வந்து சேற்றைப் பிடிப்பவற்றில் ஒன்று கழுதைமுள்ளி. அடர்ந்துவிட்டால் மரக்கன்றுகளை நெருக்கும் என்பதும் உண்மைதான். அதற்காக வேரோடு பிடுங்குவதை என்னால் ஏற்க முடியவில்லை. நண்டுக்கும் இறால் குஞ்சுக்கும் மறைவு தருவது அதன் தூரடிதான்.

ஆடி மாதம் மீண்டும் அந்தத் துறைக்குப் போனேன். துப்புரவு என்று கரையோரப் பற்றை முழுவதையும் வெட்டிச் சாய்த்திருந்தார்கள். சேற்றில் படிந்து கிடந்த ஒரு தண்டைப் புரட்டினேன். கணுவிலிருந்து வேர் இறங்கியிருந்தது. மேலே இரண்டு தளிர் இலை. விளிம்பைத் தொட்டேன், முள் இன்னும் முற்றவில்லை.