தலையில் அடிபட்டவர் திரும்ப ஆடலாமா?

கார் நிகோபாரில் மாலையானால் கால்பந்து ஆடாத ஊர் இல்லை எனலாம். ஸ்ரீ விஜயபுரத்திலும் (2024 வரை போர்ட் பிளேர்) அப்படித்தான். இரண்டு பையன்கள் ஒரே பந்துக்கு எம்புகிறார்கள், மண்டையோடு மண்டை முட்டி விழுகிறார்கள். ஒருவன் எழுந்து மண்ணைத் தட்டிவிட்டு, "ஒண்ணும் இல்ல சார், ஆடுறேன்" என்கிறான். ஆடவிடலாமா?

கூடாது. அன்றைக்கு அவன் ஆட்டம் முடிந்தது. கடைசி ஐந்து நிமிடம்தான் பாக்கி என்றாலும் சரி, இறுதிப் போட்டி என்றாலும் சரி.

மயக்கம் போடவில்லையே, பிறகென்ன? பலரையும் ஏமாற்றுவது இதுதான். மூளை, மண்டையோட்டுக்குள் ஒரு நீர்மத்தில் மிதக்கிறது. ஓடும் தலை சட்டென்று நின்றாலோ சுழன்றாலோ உள்ளே மூளை குலுங்குகிறது. அதனால் வருவதுதான் கன்கஷன் (மூளை அதிர்ந்து, அதன் வேலை சில நாட்கள் தடுமாறுவது). இது வந்தவர்களில் பத்தில் ஒருவருக்குக்கூட நினைவு தப்புவதில்லை. தலையிலேயே அடிபட வேண்டும் என்பதும் இல்லை. மார்பில் பலமாக இடித்து, கழுத்து வெட்டி இழுத்தாலும் போதும்.

உடனே தெரிந்துவிடாதா? எப்போதும் இல்லை. 2020 டிசம்பரில் கான்பெராவில் நடந்த டி20 ஆட்டத்தில் ஆஸ்திரேலியாவின் ஸ்டார்க் வீசிய பந்து இந்திய வீரர் ஜடேஜாவின் ஹெல்மெட்டில் பட்டது. ஜடேஜா தொடர்ந்து ஆடி முடித்து, ஓய்வறைக்கு வந்த பிறகே தலை சுற்றுவதாகச் சொன்னார். அவருக்குப் பதிலாகச் சாஹல் இறங்கினார். மாற்று ஆளை இறக்க 2019-லேயே கிரிக்கெட்டில் விதி வந்துவிட்டது. ஊர் மைதானத்தில் அந்த விதியை நீங்கள்தான் கொண்டுவர வேண்டும்.

நிகோபாரிகளின் கிரிப் மல்யுத்தத்தைப் பார்த்திருந்தால் ஒன்று கவனித்திருப்பீர்கள். எதிராளியின் முதுகுக்குப் பின்னால் கைகளைக் கோத்த பிடியை ஆட்டம் முடியும் வரை விடுவதில்லை; முதுகு தரையில் பட்டவர் தோற்றார். கை பூட்டியிருப்பதால் விழும்போது ஊன்ற முடியாது, பின்மண்டை நேராகத் தரையில் மோதலாம். தரை மிருதுவான மணலா, இறுகிய மண்ணா என்பதை ஆட்டத்துக்கு முன்பே பாருங்கள்.

கன்கஷன் என்று எப்படிக் கண்டுபிடிப்பது? வெளியே உட்காரவைத்து மெதுவாகக் கேளுங்கள்: "இது எந்த கிரவுண்டு? முதல் பாதியா, இரண்டாம் பாதியா? கடைசி கோல் யார் போட்டது? போன மேட்ச் யாரோட?" ஒன்று தடுமாறினாலும் போதும், சந்தேகம் உறுதி. தலைவலி, குமட்டல், தள்ளாட்டம், வெளிச்சம் கூசுவது, காரணமில்லாத எரிச்சல் இவையும் அடையாளங்கள். எல்லாவற்றுக்கும் சரியாகப் பதில் சொன்னாலும் உள்ளே அனுப்பாதீர்கள். முதல் அதிர்வு ஆறுமுன் இரண்டாம் அடி விழுந்தால் மூளை மளமளவென்று வீங்கி உயிரே போகலாம். அரிதுதான். ஆனால் பெரும்பாலும் இளவயதுப் பிள்ளைகளுக்கே நேர்கிறது.

எப்போது ஆஸ்பத்திரிக்கு ஓட வேண்டும்? திரும்பத் திரும்ப வாந்தி, கூடிக்கொண்டே போகும் தலைவலி, வலிப்பு, கை கால் மரத்துப்போவது, பேச்சுக் குழறல், ஒரு கண்ணின் பாப்பா மட்டும் பெரிதாவது, எழுப்ப முடியாத தூக்கம், கடும் கழுத்துவலி. இதில் ஒன்று இருந்தாலும் 112-ஐ அழையுங்கள். கழுத்து வலித்தாலோ நினைவு இல்லாவிட்டாலோ தூக்கி உட்காரவைக்காதீர்கள். சோடாவும் வேண்டாம், கையில் சாவிக்கொத்தும் வேண்டாம்.

தீவில் இருப்பவர்கள் இங்கே ஒரு கணக்குப் போட வேண்டும். கார் நிகோபாரில் பி.ஜே.ஆர். மருத்துவமனை இருக்கிறது, தீவுகளின் பெரிய அரசு மருத்துவமனையான ஜி.பி. பந்த், சுமார் 270 கிலோமீட்டருக்கு அப்பால் ஸ்ரீ விஜயபுரத்தில். சென்னையோ கடலுக்கு அக்கரையில், ஆயிரம் கிலோமீட்டருக்கும் மேல். கப்பலும் ஹெலிகாப்டரும் வானிலை பார்த்துத்தான் கிளம்பும். "காலையில் பார்ப்போம்" என்பது பெருநகரத்தில் சில மணி நேரம். இங்கே அதுவே இரண்டு நாளாகிவிடலாம். அடிபட்ட நேரம், விழுந்த விதம், எத்தனை முறை வாந்தி, என்ன மருந்து கொடுத்தீர்கள் என்பதை ஒரு தாளில் எழுதி உடன் அனுப்புங்கள். கை மாறிக் கை மாறிப் போகும் நோயாளிக்கு அது பெரிய உதவி.

ஸ்கேன் நார்மல் என்றார்களே? நல்ல செய்திதான், ரத்தக்கசிவோ எலும்பு முறிவோ தெரியவில்லை என்று பொருள். கன்கஷன் இல்லை என்று பொருளல்ல. அது ஸ்கேனில் தெரியாது.

வீட்டில் என்ன செய்வது? முதல் நாள் தனியே விடாதீர்கள். அபாய அறிகுறி எதுவும் இல்லையென்றால் தூங்கலாம். விடிய விடிய விழித்திருக்க வேண்டியதில்லை. வலிக்குப் பாராசிட்டமால் போதும். ரத்தக்கசிவுக்கு இடம் கொடுக்கும் ஆஸ்பிரின், புரூஃபன் வேண்டாம். ஒன்றிரண்டு நாள் ஓய்வு, செல்போன் குறைவாக, மது அறவே கூடாது. தலை தெளியும் வரை பைக் ஓட்டுவது, கடலில் நீந்துவது, டிங்கியில் போவது, தென்னை ஏறுவது எதுவும் கூடாது.

எப்போது மீண்டும் ஆடலாம்? முதலில் நடை, பிறகு மெல்லோட்டம், பிறகு யாரும் இடிக்காத பயிற்சி. ஒவ்வொரு படிக்கும் ஒரு முழு நாளாவது வேண்டும். தலைவலி திரும்பினால் ஒரு படி இறங்குங்கள். மருத்துவர் சரி என்ற பிறகே மோதும் ஆட்டம். பெரியவர்களுக்குப் பொதுவாக இரண்டு வாரத்தில் சரியாகும். பிள்ளைகளுக்கு நான்கு வாரம்கூட ஆகலாம். பரீட்சை வந்தால் பி.டி. சாரிடம் மட்டுமல்ல, வகுப்பு ஆசிரியரிடமும் சொல்லுங்கள். பாடம் மண்டையில் ஏறாததற்குச் சோம்பல் காரணமில்லை.

ஹெல்மெட் போட்டால் தப்பலாமா? மண்டையோடு உடைவதை அது தடுக்கும். உள்ளே மூளை குலுங்குவதை முழுதாகத் தடுக்காது.

வயதான பிறகு பாதிப்பு வருமா? 2002-ல் 59 வயதில் இறந்த இங்கிலாந்து கால்பந்து வீரர் ஜெஃப் ஆஸ்லின் மூளை, ஆண்டுக்கணக்கில் பந்தைத் தலையால் முட்டியதில் சிதைந்திருந்தது என்று மரண விசாரணையில் முடிவானது. 2019-ல் வெளியான கிளாஸ்கோ ஆய்வில், ஸ்காட்லாந்தின் முன்னாள் தொழில்முறை வீரர்கள் மூளை சிதையும் நோய்களால் இறப்பது மற்றவர்களைவிட மூன்றரை மடங்கு அதிகம் என்று தெரிந்தது. இவர்கள் முழுநேர வீரர்கள். வாரத்தில் இரண்டு நாள் ஆடுபவருக்கு அதே அளவு ஆபத்து என்று சொல்ல முடியாது.

அப்படியானால் என் பிள்ளை பந்தைத் தலையால் முட்டலாமா? அமெரிக்கக் கால்பந்துச் சங்கம் 2015-லேயே 10 வயது வரை கூடாது என்றது. 11 முதல் 13 வரை பயிற்சியில் அளவோடு. அதை நம் ஊரிலும் பின்பற்றத் தடையில்லை. 12 வயது வரை நான்காம் எண் பந்து போதும், காற்றைக் கல் மாதிரி அடைக்க வேண்டாம். தலையால் முட்டும் பயிற்சிக்குச் செலவிடும் நேரத்தில் பிள்ளை பந்தைக் காலில் நிறுத்தக் கற்றுக்கொள்ளட்டும்.